வாயில் பறியோடு நான் சொன்ன வசனம்

நான் ஊமைப் படங்களில் பதினாலு தடவை செத்திருக்கிறேன். ஒன்பது தடவை தண்ணீரில் மூழ்கி, மூன்று தடவை வாள் பட்டு, ஒரு தடவை புலி அடித்து. (புலித்தோலுக்குள் இருந்தவர் எங்கள் கம்பெனிச் சமையல்காரர். என் கழுத்தைக் கவ்வியபோது வந்த வெங்காய வாசனைக்கே பாதி உயிர் போய்விட்டது.) மிச்சம் ஒரு தடவை எதனால் செத்தேன் என்று எனக்கே தெரியாது. டைரக்டர் "சாவு" என்றார், செத்தேன். சாவதில் எனக்கு நல்ல பெயர். பேசுவதில்தான் மானம் போயிற்று. அதுவும் ஒரே ஒரு நாள், ஐந்தே ஐந்து சொல் பேசப் போய்.

இந்தக் கதையை என் வீட்டில் எல்லாரும் என்னைவிட நன்றாகச் சொல்வார்கள். ஆனால் நான் சொன்னால்தான் நான் எவ்வளவு பெரிய மடையனாக இருந்தேன் என்பது முழுசாக விளங்கும். அந்த விஷயத்தில் என்னைவிட அனுபவசாலி யாரும் இல்லை.

எனக்குச் சொந்த ஊர் பழவேற்காட்டை ஒட்டிய கோட்டைக்குப்பம். படகும் வலையும் இருக்கிறவர்கள் கடலுக்குப் போவார்கள். எங்களுக்குக் கைதான் வலை. ஏரியில் ஆழமில்லாத இடமாகப் பார்த்து, கழுத்தளவு தண்ணீரில் இருக்கும்படி வரிசையாகக் குந்திக்கொண்டு, சேற்றைத் தடவித் தடவி இறாலும் நண்டும் பிடிப்போம். பிடித்ததைப் போடுவதற்குப் பனையோலையில் முடைந்த பறி உண்டு. இரண்டு கையும் சேற்றுக்குள் இருக்கும்போது பறியை யார் பிடிப்பது? வாய்தான். பறியின் விளிம்பைப் பல்லால் கவ்விக்கொண்டால் அது தாடைக்குக் கீழே தொங்கும். காலையில் கவ்வினால் வெயில் உச்சிக்கு ஏறுகிறவரைக்கும் அப்படியே.

ஆகவே ஏரிக்குள் எங்கள் ஆட்கள் பேசுவதெல்லாம் கண்ணால்தான். கண்ணை இடப்பக்கம் ஓட்டினால் அந்தப் பக்கம் இறால் இருக்கிறது என்று பொருள். இரண்டு புருவமும் ஏறினால் நண்டு கடித்துவிட்டது. விழி பிதுங்கினால் பாம்போ, வாலில் முள் இருக்கிற திருக்கை மீனோ வருகிறது, ஓடு. முனியம்மா (என் அத்தை மகள். அப்போதே எனக்கென்று பேசி வைத்திருந்தார்கள்) ஒரு முழுச் சண்டையையும் பறியை வாயிலிருந்து எடுக்காமலே என்னோடு போட்டு முடித்திருக்கிறாள். ஜெயித்ததும் அவள்தான்.

ஒரு நாள் பட்டணத்திலிருந்து கால்வாய்ப் படகில் ஒரு சினிமாக் கம்பெனி வந்து இறங்கியது. ஏதோ புராணப் படம். ஏரியில் விழுந்து சாவதற்கு ஓர் ஆள் வேண்டுமாம். வட்டத் தொப்பி வைத்த டைரக்டர் கரையில் நின்று எங்கள் வரிசையைப் பார்த்துக்கொண்டிருந்தார். அந்தச் சமயம் பார்த்து ஒரு நண்டு என் சுண்டுவிரலைப் பிடித்துக்கொண்டது. வாயில் பறி, கத்த முடியாது. பட்ட வேதனை மொத்தமும் கண்ணுக்கு வந்துவிட்டது.

"அந்த ஆளைக் கூப்பிடுங்கய்யா! முகத்தாலேயே பேசறான்!" என்று டைரக்டர் கத்தினார்.

இப்படியாக ஒரு நண்டு என்னை நடிகனாக்கியது. (அந்த நண்டை அன்று மத்தியானமே குழம்பு வைத்துச் சாப்பிட்டுவிட்டோம். நன்றி கெட்ட ஜென்மங்கள்.)

அதன்பின் ஐந்தாறு வருஷம் பட்டணத்தில் கம்பெனிக் கொட்டகையிலேயே படுத்து எழுந்தேன். ஊமைப் படம் எடுக்கிற இடத்தில் இருந்த சத்தத்தைப் போல நான் சந்தைக் கடையிலும் கேட்டதில்லை. கேமராக்காரர் கைப்பிடியைக் கடகடவென்று சுற்றுவார். டைரக்டர் தகரக் குழலை வாயில் வைத்துக்கொண்டு, "விழு! இன்னும் மெதுவா! ஏழுமலை, அவசரப்பட்டுச் சாவாதே!" என்று கூவுவார். பக்கத்திலேயே தச்சர்கள் அடுத்த அரண்மனைக்கு ஆணி அடித்துக்கொண்டிருப்பார்கள். நான் நிதானமாகச் சாவேன்.

முதல் தடவை என்னைத் திரையில் பார்த்தபோது எனக்கு என்ன ஆயிற்று என்று இன்றைக்கும் சரியாகச் சொல்லத் தெரியவில்லை. ஒரு சுவர் அளவுக்கு என் முகம். என் கண் ஒவ்வொன்றும் முறம் அகலத்துக்கு. ஊரில் என்னை யாரும் ஒரு நிமிஷம் சேர்ந்தாற்போல் உற்றுப் பார்த்ததில்லை. அங்கே அறுநூறு பேர் வாயைப் பிளந்துகொண்டு பார்த்தார்கள். திரைக்குப் பக்கத்தில் கையில் பிரம்போடு நின்று கதை சொல்லுகிறவர், "ஐயகோ! என் தாயே! நான் மடிகிறேனே!" என்று எனக்காக அழுதார். நானும் தேம்பித் தேம்பி அழுதேன். பக்கத்தில் இருந்தவர், "செத்தவன் உனக்கு உறவா?" என்று கேட்டார். நெருங்கிய உறவு என்றேன்.

அப்புறம் பேசும் படம் வந்தது. திரையில் ஒரு பெண் வாயைத் திறந்தாள், அவள் வாயிலிருந்தே பாட்டு வந்தது. எனக்கு மயிர்க்கால் எல்லாம் நின்றுவிட்டது. கொட்டகையில் பாதிப்பேர் எழுந்து திரைக்குப் பின்னால் போய்ப் பார்த்தார்கள். நானும் போனேன். அங்கே பெரிய ஊமத்தம்பூ போல ஒரு குழாய் இருந்தது. செருப்பைக் கழற்றிவிட்டு அதைக் கும்பிட்டேன். உண்மையாகத்தான். வேறு என்ன செய்வதென்று தெரியவில்லை.

அந்தக் குழாய் எங்கள் கம்பெனியில் பாதிப்பேரை வீட்டுக்கு அனுப்பியது. பீமனாக நடித்தவர் பேசினால் கொசு முனகுகிற மாதிரி இருந்தது. அவர் மளிகைக்கடை வைக்கப் போய்விட்டார். அழகான ராணி ஒருத்திக்குத் தமிழே வராது. முதலாளி ஒவ்வொருவராகக் கூப்பிட்டுத் தீர்ப்புச் சொல்லிக்கொண்டிருந்தார். என் முறை வந்தது.

"ஏழுமலை, நீ நல்லா சாவறே. அது இனிமே போதாது. அடுத்த படத்துல உனக்கு ஒரு வசனம். அதைச் சரியாச் சொன்னா கம்பெனியில இரு. சொல்லலைன்னா ஊருக்குப் போய் எறா பிடி."

வசனம் இதுதான்: "இளவரசி! எதிரிப்படை கோட்டைக்குள் புகுந்துவிட்டது! தப்பிவிடுங்கள்!" ஐந்து சொல். எண்ணிப் பாருங்கள்.

இந்த ஐந்து சொல்லை நான் ஒரு மாதம் உருப்போட்டேன். டிராமுக்குச் சொன்னேன். காக்கைக்குச் சொன்னேன். ஓட்டலில் இட்லி கொண்டுவந்தவரிடம் நெஞ்சைத் தொட்டுக்கொண்டு சொன்னேன். அவர் தட்டை வைத்துவிட்டு உள்ளே போய் ஓட்டல்காரரைக் கூட்டி வந்தார். என் குரல் கொசுவும் இல்லை, தகரமும் இல்லை. நன்றாகவே இருந்தது. ஒத்திகையில் கேட்ட டைரக்டர் முதுகில் தட்டிக் கொடுத்தார். முனியம்மாவுக்கு ஆள் மூலம் சொல்லி அனுப்பினேன்: உன் மச்சான் குரல் இனிமேல் ரங்கூன் வரைக்கும் கேட்கும் என்று. அந்த அளவுக்குத் திமிர்.

படப்பிடிப்பு எங்கே என்று நினைக்கிறீர்கள்? எங்கள் ஏரிக்கரையிலேயேதான். கதைப்படி நான் ஏரியில் இறால் பிடிக்கிற விசுவாசமான குடிமகன். எதிரி வருவதைப் பார்த்துவிட்டுத் தண்ணீரிலிருந்து எழுந்து, பறியை வாயிலிருந்து எடுத்துக் கையில் பிடித்துக்கொண்டு, எட்டு அடி நடந்து, கரையோரப் பலகையில் நிற்கும் இளவரசியிடம் வசனத்தைச் சொல்ல வேண்டும். கரையை ஒட்டி இருக்கிற பழைய டச்சுக்காரன் கல்லறையின் வாசல் தூண்களில் இரண்டு எலும்புக்கூடு செதுக்கியிருக்கும். அதற்கு மாவிலை கட்டி, அதுதான் அரண்மனை வாசல் என்று டைரக்டர் முடிவு செய்துவிட்டார்.

நைனாவை (எங்கள் பக்கம் அப்பாவை அப்படித்தான் சொல்வது) அந்தக் காட்சியில் போடச் சொன்னது யார்? நான்தான். யாரும் கேட்கவில்லை. டைரக்டர், பின்னால் இறால் பிடிக்கப் பத்துப் பன்னிரண்டு பேர் வேண்டும் என்றார். நான் முந்திக்கொண்டு, "எங்க நைனாவையே கூட்டியாறேன் எஜமான், அவர் வரிசையையே கூட்டியாறேன்" என்றேன். மகன் பேசுவதை நைனா நேரில் பார்க்க வேண்டும் என்ற ஆசை. நைனா ஒரு நாளில் பேசுகிற சொற்களை ஒரு கை விரலில் எண்ணிவிடலாம். நான் பட்டணத்துக்குப் போனதைப் பற்றி அவர் நல்லதாகவோ கெட்டதாகவோ ஒரு சொல்கூடச் சொன்னதில்லை.

"சினிமாவுக்காகத் தண்ணில குந்தணுமா?" என்றார்.

"ஆமா நைனா."

"எறா கீதா அங்க?"

"கீது நைனா."

"சரி."

இந்த இடத்தில் எங்கள் வரிசையின் சட்டத்தைச் சொல்லியாக வேண்டும். வரிசைக்கு முன்னால் போகிறவர் தன் பறியை வாயிலிருந்து எடுக்கிறவரைக்கும் பின்னால் இருக்கிற யாரும் எடுக்கக் கூடாது. ஒருத்தன் எழுந்தால் தண்ணீர் கலங்கும், இறால் கலையும், பன்னிரண்டு பேர் வயிறும் காயும். முன்னவர் பறியை எடுத்தால் ஒன்று வேலை முடிந்தது, அல்லது ஆபத்து. இரண்டில் எதுவானாலும் எல்லாரும் உடனே எழுந்துவிட வேண்டும், கேள்வி கேட்கக் கூடாது. எங்கள் வரிசைக்கு முன்னவர் நைனா. எனக்கு ஏழு வயசில் ஒரு தடவை தும்மல் வந்து பறியை எடுத்துவிட்டேன். நைனா திரும்பி ஒற்றைப் புருவத்தைத் தூக்கினார். அவ்வளவுதான். எட்டு நாள் நான் அவர் கண்ணில் படாமல் சோறு தின்றேன்.

இதெல்லாம் எனக்குத் தெரியாதா? தெரியும். ஒத்திகை கரையில் நடந்தது. நைனா இல்லை, தண்ணீர் இல்லை, பறியும் இல்லை. ஐந்து சொல்லும் மணி மணியாக வந்தன.

படப்பிடிப்பு அன்று விடிந்ததிலிருந்தே குப்பம் முழுக்கக் கரையில். பேசும் படத்து யந்திரங்களைக் கால்வாய்ப் படகிலிருந்து இறக்க இருபது பேர் வேண்டியிருந்தது. கேமரா போடும் சத்தம் படத்தில் கேட்கக் கூடாது என்பதற்காக அதையும் கேமராக்காரரையும் சேர்த்து ஒரு கூண்டுக்குள் அடைத்திருந்தார்கள். மைக்கை ஒரு படகின் பாய்மரத்திலிருந்து தொங்கவிட்டிருந்தார்கள். எங்கள் ஆட்கள் அதற்கு வவ்வால் என்று பெயர் வைத்தார்கள். இதற்கெல்லாம் அதிபதி பம்பாயிலிருந்து வந்த ஒரு சவுண்டுக்காரர். இரண்டு காதிலும் சத்தம் கேட்கிற கறுப்புச் செப்பு மாட்டிக்கொண்டு கண்ணை மூடி உட்கார்ந்திருப்பார். அவர் கையைத் தூக்கினால் டைரக்டரே வாயை மூடிக்கொள்வார். அரை மைலுக்கு அப்பால் ஒரு சேவல் கூவியதைக் கண்டுபிடித்து, அதைக் கூடை போட்டுக் கவிழ்க்கச் செய்தார். நான் அவரை ஒரு தேவதையைப் பார்ப்பதுபோல் பார்த்தேன்.

"க்ரௌடு சத்தம் போடும். அதான் எனக்கு பயம்" என்றார் அவர், அரைத் தமிழில்.

எங்கள் ஆட்கள் பன்னிரண்டு பேரும் தண்ணீரில் இறங்கிப் பறியைக் கவ்விக்கொண்டார்கள். ஏரி அடங்கிவிட்டது. காற்றுகூட இல்லை. அந்தப் பக்கம் திட்டில் பூநாரைகள் ஒற்றைக் காலில் நின்றன. பம்பாய்க்காரர் செப்பை இப்படியும் அப்படியும் அழுத்திப் பார்த்தார். யந்திரம் கெட்டுவிட்டதோ என்று சந்தேகப்பட்டுத் திருகாணிகளைத் திருகினார். கடைசியில் புரிந்துகொண்டு, "வாஹ்" என்று மெல்லச் சொன்னார். இவ்வளவு ஒழுக்கமான கும்பலை அவர் பம்பாயில் பார்த்ததில்லையாம்.

இளவரசி அம்மாள் பலகையில் வந்து நின்றார். பெரிய நாடகப் பாட்டுக்காரி, உடம்பெல்லாம் நகை, ஒரு சாண் உயரக் கொண்டை. நான் வரிசையில் நைனாவுக்கு அடுத்தபடியாகக் குந்தினேன். விசில் ஊதினார்கள். இனிமேல் டைரக்டர் பேச முடியாது. வெள்ளைக் கைக்குட்டையை ஆட்டினால் நான் எழ வேண்டும் என்று ஏற்பாடு.

"சும்மா கையை அளைஞ்சா போதும், நிஜமா பிடிக்க வேண்டாம்" என்று முன்பே சொல்லியிருந்தார். எங்கள் ஆட்களுக்குத் தண்ணீரில் சும்மா குந்தத் தெரியாது. நைனாவின் தோள் நகர்ந்தது, முனியம்மாவின் தோள் நகர்ந்தது, என் கையும் தன்பாட்டுக்குச் சேற்றுக்குள் போயிற்று. போன கையில் ஒரு இறால். விரல் நீளம், துள்ளுகிறது. பறியில் போட்டேன். அடுத்து இன்னொன்று. அப்படியொரு இறாலை நான் ஐந்தாறு வருஷமாகத் தொட்டதில்லை. பட்டணம், முதலாளி, ஐந்து சொல் எல்லாம் மறந்துபோயிற்று. நான் பாட்டுக்குப் பிடித்துப் போட்டுக்கொண்டே இருந்தேன். பறி கனத்தது.

தலையைத் தூக்கினால் கைக்குட்டை ஆடுகிறது. எவ்வளவு நேரமாக ஆடுகிறதோ! டைரக்டர் கழற்றிய தொப்பியையும் சேர்த்து ஆட்டிக்கொண்டிருந்தார்.

எழுந்தேன். தண்ணீர் சலசலத்தது. நைனா திரும்பிப் பார்த்தார். ஒற்றைப் புருவம் மேலே போயிற்று.

பறியை எடுக்கப் போன என் கை பாதி வழியில் நின்றுவிட்டது. எனக்கு அப்போது இருபத்தாறு வயசு. பட்டணத்தில் கிராப்பு வெட்டி, சிகரெட்டும் பழகியவன். அந்தப் புருவத்தைப் பார்த்ததும் எனக்கு ஏழு வயசாகிவிட்டது. முன்னவர் பறியை எடுக்கவில்லை, நான் எப்படி எடுப்பது? ஆனால் கால்களுக்கு ஒத்திகை நினைவிருந்தது. அவை என்னை எட்டு அடி நடத்திக்கொண்டு போய் வவ்வாலுக்குக் கீழே, இளவரசிக்கு எதிரே நிறுத்திவிட்டன. பல்லிடுக்கில் பறி.

சொன்னேன். ஐந்து சொல்லையும் சொன்னேன். ஒரு மாத உழைப்பு, உணர்ச்சிக்குக் குறைவில்லை. ஆனால் வந்த சத்தம், "ம்ம்வ்வ்வீ! ம்ஹ்ஹும் ம்ம்வ்வும் ம்ஹூம்ஹூம்! ம்ம்வ்வும்!"

பம்பாய்க்காரர் கண்ணைத் திறந்தார். இளவரசி அம்மாள் என்னை உற்றுப் பார்த்தார். வாய் கைவிட்டது தெரிந்ததும் என் கண்கள் தங்கள் பழைய வேலையைத் தாங்களாகவே எடுத்துக்கொண்டன. விழி பிதுங்கியது. எதிரி, ஆபத்து, ஓடு, ஓடு! அந்த வேகத்தில் தாடை தளர்ந்து பறி சாய்ந்தது. உள்ளே இருந்த இறால்கள் எல்லாம் விடுதலை கிடைத்த குஷியில் துள்ளின. இரண்டு மூன்று இளவரசியின் கொண்டைக்குள் போயின.

அந்த அம்மாள் போட்ட கூச்சல் மேல் ஸ்தாயியில் சுத்தமாக நின்றது. பம்பாய்க்காரர் செப்பைப் பிடுங்கி எறிந்துவிட்டு இரண்டு காதையும் பொத்திக்கொண்டார்.

அப்போதுதான் அது நடந்தது. பிதுங்கிய விழியோடு நான் வரிசைப் பக்கம் திரும்பினேன். நைனா என் கண்ணைப் பார்த்தார். மெல்லக் கையைத் தண்ணீரிலிருந்து எடுத்து, தன் பறியை வாயிலிருந்து எடுத்தார்.

"எந்திரிங்கடா! எல்லாரும் கரைக்கு ஓடுங்க!"

அப்படி ஒரு குரல் நைனாவுக்குள் இருந்தது எனக்கு அன்று வரைக்கும் தெரியாது. இடி இறங்கியது போல ஏரி முழுக்க உருண்டு போயிற்று அது. பன்னிரண்டு பேரும் ஒரே நேரத்தில் எழுந்தார்கள். ஒருவரும் ஏன் என்று கேட்கவில்லை. முனியம்மா ஓடுகிற ஓட்டத்தில் பலகை மேல் கத்திக்கொண்டு நின்ற இளவரசியை அப்படியே தூக்கித் தோளில் போட்டுக்கொண்டு, சேற்றைக் கடந்து, எலும்புக்கூட்டுத் தூண்களுக்கு நடுவே ஓடி மறைந்தாள். அந்தக் குரலுக்குத் திட்டில் இருந்த பூநாரைகள் அத்தனையும் சிவந்த சிறகை விரித்துக் கிளம்பின. நூறோ ஆயிரமோ, வானம் ஒரு பக்கம் முழுக்கச் சிவந்துவிட்டது. நான் காலிப் பறியைக் கவ்வியபடி அண்ணாந்து நின்றேன். என் வேலை போய்விட்டது என்பதுகூட அந்த நிமிஷம் எனக்கு உறைக்கவில்லை. அவ்வளவு அழகு.

கூண்டுக்குள் இருந்த கேமராக்காரருக்கு வெளியே நடப்பது ஒன்றும் புரியவில்லை. நிறுத்து என்று யாரும் சொல்லாததால் அவர் பாட்டுக்கு எடுத்துக்கொண்டே இருந்தார்.

நைனா கரையேறி என்னிடம் வந்தார். "எங்கடா?"

"எது நைனா?"

"ஓடச் சொன்னியே. இன்னாது? பாம்பா, திருக்கையா?"

"ஒண்ணுமில்ல நைனா. சினிமா."

கரையில் நின்ற எல்லாருடைய புருவமும் ஒன்றாக ஏறியது. கல்லறைப் பக்கத்திலிருந்து இளவரசி அம்மாள் இன்னும் கத்திக்கொண்டிருப்பதும், "சொம்மா இரும்மா, எறா கடிக்காது" என்று முனியம்மா சமாதானம் சொல்வதும் கேட்டன.

முதலாளியும் டைரக்டரும் பம்பாய்க்காரரும் வந்தார்கள். மூன்று பேரும் என்னைத் தாண்டி நேரே நைனாவிடம் போனார்கள்.

"இந்தப் பெரியவர் யாரு? என்னா வாய்ஸ்!" என்று பம்பாய்க்காரர் நைனாவின் தொண்டையையே பார்த்தார். கம்பெனியிலேயே இருக்கிறீர்களா, ராஜா வேஷம் தருகிறோம் என்று முதலாளி நேராகக் கேட்டுவிட்டார்.

நைனா என் பக்கம் திரும்பினார். "அங்க இன்னா வேல?"

"பேசணும் நைனா."

"தெனமுமா?"

"தெனமும்தான்."

நைனா பறியை எடுத்து வாயில் கவ்விக்கொண்டு மறுபடியும் தண்ணீரில் இறங்கிவிட்டார்.

முதலாளி எனக்கு நீளமாக ஒன்றும் சொல்லவில்லை. "நீ இங்கேயே இருப்பா" என்றார். கம்பெனிப் படகு யந்திரங்களையும் அரண்மனைத் திரைகளையும் ஏற்றிக்கொண்டு புறப்பட்டது. தலைக்குக் குளித்த இளவரசி அம்மாள் எனக்கு முதுகைக் காட்டி உட்கார்ந்திருந்தார். நான் கரையில் நின்று கும்பிட்டேன். அந்தப் படகில் என் முறம் அகலக் கண்ணும், அறுநூறு பேரும், அந்த ஊமத்தம்பூக் குழாயும் எல்லாம் போயின. வாயைத் திறந்து ஒரு தடவை, ஒரே ஒரு தடவை, அந்த ஐந்து சொல்லைச் சொல்லியிருந்தால் நானும் போயிருப்பேன்.

அதன்பின் ஏழெட்டு மாதம் இறால்தான். குப்பத்தில் யாரைப் பார்த்தாலும், "இளவரசி சவுக்கியமா?" முனியம்மா ஒருத்திதான் கேலி செய்யவில்லை. (அவள் அதை ஆயுசு முழுக்கச் செய்வதற்காகச் சேர்த்து வைத்துக்கொண்டிருந்தாள் என்பது கல்யாணத்துக்குப் பிறகு தெரிந்தது.)

பழவேற்காட்டில் டூரிங் கொட்டகை போட்டார்கள். அந்தப் படம் வந்தது. குப்பமே முதல் ஆட்டத்துக்குக் கிளம்பியது. நான் வரவில்லை என்றேன். நைனா ஒற்றைப் புருவத்தைத் தூக்கினார். போனேன். எங்கள் வரிசை மணலிலும் அதே வரிசையாகத்தான் குந்தியது. முன்னால் நைனா, அடுத்து நான், பின்னால் முனியம்மாவும் மற்றவர்களும்.

என் காட்சியை வெட்டி எறிந்திருப்பார்கள் என்று நினைத்தேன். டைரக்டர் கெட்டிக்காரர். என் முகம் திரை நிறைய வந்தது, வாயில் பறியோடு. என் முனகலை எடுத்துவிட்டிருந்தார். அந்த இடத்தில் ஒரு சத்தமும் இல்லை. பேசும் படத்தில் அத்தனை பேரும் பாடிப் பேசிக் கத்திக்கொண்டிருக்க, திடீரென்று அந்த அமைதியும் இரண்டு கண்ணும் மட்டும். கொட்டகையில் ஒருவரும் சிரிக்கவில்லை. பீடி பிடித்துக்கொண்டிருந்தவர்கள்கூட அப்படியே நிறுத்திவிட்டார்கள். அடுத்து திரையில் நைனா பறியை எடுத்தார்.

"எந்திரிங்கடா! எல்லாரும் கரைக்கு ஓடுங்க!"

எங்கள் வரிசை மொத்தமும் எழுந்துவிட்டது. நான், முனியம்மா, பின்னால் இருந்த பத்துப் பேர், எல்லாரும். ஓடவும் ஓடினோம். முளைக்குச்சியில் தடுக்கிக் கொட்டகையின் ஒரு பக்கத் தடுப்பையே இழுத்துக்கொண்டு சாலை வரைக்கும் போன பிறகுதான் ஒருவரை ஒருவர் பார்த்துக்கொண்டோம். கொட்டகைக்காரர் வைதுகொண்டே வந்தார். திரும்பிப் பார்த்தால் மணலில் நைனா ஒருவர் மட்டும் குந்தியபடி, வாயைப் பிளந்துகொண்டு, திரையில் தன் குரலைக் கேட்டுக் கிளம்பிய பறவைகளைப் பார்த்துக்கொண்டிருந்தார்.

அந்தப் படத்தில் ஏரிக் காட்சிதான் பேசப்பட்டது. கொஞ்ச நாளில் கம்பெனியிலிருந்து கடிதம் வந்தது. அடுத்த கதையில் ஒரு ஊமை வேஷம் இருக்கிறதாம். அதற்குப் பிறகு இருபது வருஷம் பேசும் படங்களில் பேசாத ஆளாகவே நடித்து நான் பிழைத்தேன். ஊமை, காவல்காரன், சாட்சி சொல்லப் பயந்தவன், மயங்கிக் கிடப்பவன். ஒரு படத்திலும் ஒரு சொல் பேசியது கிடையாது. முதலாளி பிறகு யாரிடமோ, "அவனுக்கு வாயைக் கொடுத்துடாதீங்க, கெட்டுடும்" என்று சொன்னாராம்.

ஆனால் நான் சொல்ல வந்தது அதையல்ல. அன்றைக்கு ஆட்டம் முடிந்து நாங்கள் குப்பத்துக்கு நடந்துகொண்டிருந்தோம். நைனா முன்னால், நான் அடுத்து, முனியம்மா பின்னால். நைனா திரும்பாமலே கேட்டார்.

"அன்னிக்கு அவங்க உன்ன இன்னா சொல்லச் சொன்னாங்க?"

என் ஆயுளில் நைனா என் வேலையைப் பற்றிக் கேட்ட ஒரே கேள்வி அது. நான் நின்றுவிட்டேன். தொண்டையைச் சரிசெய்துகொண்டு, அந்த மணல் பாதையில், மைக் இல்லாமல், பறி இல்லாமல், முழுசாகச் சொன்னேன். "இளவரசி! எதிரிப்படை கோட்டைக்குள் புகுந்துவிட்டது! தப்பிவிடுங்கள்!"

நைனா யோசித்தார். "அதத்தான சொன்ன" என்றார். "எனக்குக் கேட்டுச்சே."

எனக்குக் கண் நிறைந்துவிட்டது. அதற்குள் பின்னாலிருந்து முனியம்மா, "எனக்குந்தான் கேட்டுச்சு. இல்லாங்காட்டி அந்தம்மாவ நான் ஏன் தூக்கினு ஓடப்போறேன்?" என்றாள்.

இப்போதும் எங்கள் வீட்டில் யாராவது பதில் சொல்லாமல் முழித்தால், "பறிய எடுத்துட்டுச் சொல்லு" என்பார்கள். என் பெண்ணுக்கு மாப்பிள்ளை பிடித்திருக்கிறதா என்று கேட்டபோதும் அதைத்தான் சொன்னார்கள். மாப்பிள்ளை வீட்டார் ஒன்றும் புரியாமல் எங்கள் கூடையையெல்லாம் திரும்பித் திரும்பிப் பார்த்தார்கள். என்னிடம் மட்டும் முனியம்மா அப்படிச் சொல்வதில்லை. இத்தனை வருஷத்தில் நான் அவளிடம் சொல்ல நினைத்து, எப்படிச் சொல்வதென்று தெரியாமல் வாயை மூடிக்கொண்ட விஷயங்கள் நிறைய. நான் நாற்காலியில் உட்கார்ந்து அவளையே பார்ப்பேன். அவள் முறத்திலிருந்து தலையைத் தூக்காமல், "கேட்டுச்சு, கேட்டுச்சு" என்பாள்.